சித்தப்பா நிற்கும் வேலை

என் சித்தப்பாவுக்கு நிற்பதுதான் வேலை. சென்னையில் ஓவியம் படித்தவர், படம் வரைவதை விட்டுவிட்டுத் தன் உடம்பையே படமாக்கிக்கொண்டு திரிந்தார். ஒருமுறை பனியன் கம்பெனி வேஸ்ட் துணியை மேலெல்லாம் சுற்றிக்கொண்டு பேருந்து நிலையத்தில் பகல் முழுக்க அசையாமல் நின்றார். நிகழ்த்துகலையாம். "நிக்கறதுக்கெல்லாம் ஒரு படிப்பாங்க?" என்று அம்மா அப்பாவிடம் கேட்பாள். அப்பா செருப்பை மாட்டிக்கொண்டு வெளியே கிளம்பிவிடுவார். தம்பியைப் படிக்க வைத்ததே அவர்தானே!

அப்பா சாயப்பட்டறை வைத்திருந்தார். கழிவுத் தண்ணீரை அப்படியே பின்னாலிருக்கும் ஓடையில் விடக்கூடாது, ஆனால் விடுவார். நாளைக்கு ஓடை என்ன நிறத்தில் போகும் என்று பள்ளிக்கூடம் போகிற வழியில் நாங்கள் பந்தயம் கட்டுவோம். அந்த ஓடையில்தான், வெள்ளை வேட்டி சட்டையோடு, சாயம் ஏறும்வரை நிற்கப்போவதாகச் சித்தப்பா சொன்னார். பார்க்க டெல்லியிலிருந்து ஆட்கள் கேமராவோடு வருகிறார்கள். பிடித்துப்போனால் வெளிநாட்டு விழாவுக்குக் கூப்பிடுவார்கள். இதுவும் போனால் தன் கலை அவ்வளவுதான் என்றார்.

"எம்பட ஓடைதான் கெடைச்சுதா சாமி உனக்கு?"

"வேற எங்கீங்ணா போவேன்? இதுதானுங்களே நம்முளுது."

அதோடு அண்ணனும் தம்பியும் பேச்சை நிறுத்திக்கொண்டார்கள்.

சித்தப்பா நிற்கும் நாளன்று காலையில் அப்பா கழிவுக் குழாயை இறுக்கி மூடிவிட்டார். ஓடையில் கணுக்கால் அளவுக்குத் தெளிந்த தண்ணீர். தம்பியின் வேட்டி கெட்டுவிடக் கூடாதென்று எவ்வளவு அக்கறை பாருங்கள் என்று எனக்கு ஒரே பெருமை. மத்தியானமாகியும் ஓடையில் நின்ற சித்தப்பாவின் வேட்டி வெள்ளையாகவே இருந்தது. பட்டறை ஆட்கள் சிரித்தார்கள். டெல்லிக்காரர்கள் கேமராவைப் பைக்குள் வைக்க ஆரம்பித்தார்கள்.

சித்தப்பா விறுவிறுவென்று கரையேறினார். குழாயை மூடியிருந்ததால் பட்டறையின் கழிவுத்தொட்டி தளும்பிக்கொண்டிருந்தது. யாரும் தடுப்பதற்குள் சுவர் ஏறி அதற்குள் இறங்கிவிட்டார். கேமராக்கள் பின்னாலேயே ஓடின.

"மேல வா சாமி! ஐயோ, மேல வந்துரு!"

அப்பாதான். உடுத்திய துணியோடு குதித்து, தம்பியை இறுக்கிக் கட்டிப்பிடித்துத் தூக்கினார். சுற்றிலும் இருந்தவர்கள் கைதட்டினார்கள். அதுவும் நிகழ்ச்சிதான் என்று நினைத்துவிட்டார்கள், பாவிகள்.

தொட்டியில் இருந்தது வெறும் சாயமில்லை, ஆசிட்டும் காரமும் கலந்த தண்ணீர். சித்தப்பாவுக்குக் காலெல்லாம் தோல் உரிந்துபோயிற்று. அப்பாவுக்கு வலது கண் போயிற்று. அன்றைக்கு எடுத்த படத்தால்தான் சித்தப்பா இன்று நாடு நாடாகப் போய் நிற்கிறார். அதை எங்கே பார்த்தாலும் நான் முகத்தைத் திருப்பிக்கொள்கிறேன். அவர்கள் இருவரும் இன்றுவரை பேசிக்கொள்வதில்லை.

அன்றைக்கு எனக்கு என்ன தெரியும்? நீலமாக ஒட்டிக்கொண்டு நின்ற இருவரையும் பார்த்து நானும் கைதட்டினேன். மூச்சிரைக்க வீட்டுக்கு ஓடினேன்.

"அம்மா, அப்பாவும் சித்தப்பாவும் ராசியாயிட்டாங்க!"

அம்மா முகமெல்லாம் சிரிப்பாக, இரண்டு பேருக்கும் காபி போட அடுப்பில் பாலை வைத்தாள்.