எட்டாம் நம்பரின் முழங்கால்

என் அண்ணனுக்குப் பதினாறு வயது நடந்தபோது, கப்பலில் வேலை பார்த்த எங்கள் தாய்மாமா ஜெர்மனியின் துறைமுக நகரம் ஒன்றிலிருந்து அவனுக்கு ஒரு கால்பந்துச் சட்டை வாங்கி வந்தார். அதன் முதுகில் எட்டு என்ற எண்ணும், எங்கள் தெருவில் எவராலும் ஒரே மூச்சில் சொல்ல முடியாத ஒரு பெயரும் இருந்தன. கடை வாசலில் வைத்திருந்த கூடையிலிருந்து அதை எடுத்ததாக மாமா சொன்னார். அணியை விட்டுப் போகிற ஆட்டக்காரர்களின் சட்டைகளைத்தான் அப்படிக் கூடையில் போடுவார்கள் என்பது அவருக்குத் தெரிந்திருக்காது. தெரிந்திருந்தாலும், சட்டை சட்டைதானே என்று நினைத்திருப்பார்.

அந்தப் பெயரை இன்று என்னால் திருத்தமாகச் சொல்ல முடியும். ஆனாலும் இங்கே எழுதப்போவதில்லை. எங்கள் வீட்டில் நடந்ததற்கு அவர் எந்த வகையிலும் பொறுப்பல்ல. எங்கோ நிம்மதியாக இருக்கும் ஒரு மனிதரை இதில் சாட்சியாக இழுப்பது முறையல்ல. அன்று நாங்கள் அழைத்ததுபோல எட்டாம் நம்பர் என்றே அவரைச் சொல்கிறேன்.

அண்ணன் எங்கள் தெரு அணியின் நடுக்கள ஆட்டக்காரன். துறைமுகச் சாலைக்கும் உப்பளங்களுக்கும் இடையில் இருந்த மைதானத்தில் அவர்கள் ஆடினார்கள். காற்று ஒரு பக்கம் திரும்பினால் உப்பு, மறுபக்கம் திரும்பினால் நிலக்கரித் தூசி. மற்றப் பையன்கள் உலகம் அறிந்த பெயர்களை முதுகில் போட்டுக்கொண்டு வந்தார்கள். அண்ணன் இந்தச் சட்டையோடு போய் இறங்கிய முதல் நாளே கோல்கீப்பர் கேட்டானாம்: “ஏலே, ஒன் ஆளு எந்த டீம்ல ஆடுதான்? பெஞ்சுலயா?”

அதற்குப் பதில் சொல்ல விவரம் வேண்டியிருந்தது. விவரம் சேர்க்கும் வேலை என்னிடம் வந்தது. எனக்குப் பதினொரு வயது. கையெழுத்து நன்றாக இருக்கும். அதைவிட முக்கியமாக, பள்ளிப் பாடம் என்று சொல்லி பிரவுசிங் சென்டருக்குப் போக எனக்கு அனுமதி இருந்தது, அண்ணனுக்கு இல்லை. ஒவ்வொரு சனிக்கிழமையும் காலையில் அந்தக் கடையின் மாடிப்படி ஏறி, அரை மணி நேரம் ஜெர்மன் பக்கங்களைத் தேடி, கணினி அரைகுறையாக மாற்றித் தந்த ஆங்கிலத்தை நான் இன்னும் அரைகுறையாகத் தமிழாக்கி, நீல அட்டை போட்ட நூறு பக்க நோட்டில் எழுதுவேன். இரண்டு மொழி தாண்டி வந்ததால் எட்டாம் நம்பர் எங்கள் நோட்டில் சில சமயம் செய்யாததையும் செய்தார். ஒரு வாரம் அவர் தன் பயிற்சியாளரையே திருமணம் செய்துகொண்டார். அண்ணன் என்னைத் திரும்பவும் மாடிக்கு அனுப்பினான்.

நோட்டின்படி அவர் வாழ்க்கை இதுதான். சிறிய ஊர் ஒன்றில் பிறந்து, அந்த ஊர்க் கால்பந்து மன்றத்திலேயே ஏழு வயதில் ஆடத் தொடங்கினார். பத்தொன்பது வயதில் இரண்டாம் பிரிவு அணியொன்றில் சேர்ந்தார். இருபத்திரண்டில் முதல் பிரிவின் பெரிய அணி அவரை எடுத்தது. எங்களிடம் இருந்தது அந்த அணியின் சட்டை. அங்கே இரண்டு ஆண்டுகளில் பெரும்பாலும் மாற்று ஆட்டக்காரராகவே இறங்கினார். மாமா சட்டை வாங்கிய கோடையில் வடக்கே இருந்த சிறிய அணிக்கு மாறினார். கோல் அதிகம் போட்டவரல்ல. கோல் போடுகிறவரிடம் பந்து போய்ச் சேர்வதற்கு மூன்று உதைகளுக்கு முன்னால் அது இவர் காலில் இருந்திருக்கும், அவ்வளவுதான்.

தொலைக்காட்சியில் நாங்கள் அவரை ஒரே ஒரு முறை பார்த்தோம். சனிக்கிழமை மாலை, கடைசிப் பதினைந்து நிமிடங்களுக்கு இறங்கினார். பந்து தன்னிடம் வருவதற்கு முன் கழுத்தைத் திருப்பித் தோளுக்குப் பின்னால் இருமுறை பார்த்துக்கொண்டார். யார் எங்கே நிற்கிறார்கள் என்று தெரிந்துகொண்ட பிறகே பந்தைத் தொட்டார். அண்ணனுக்கு அது போதுமானதாக இருந்தது. மறுநாளிலிருந்து அவனும் கழுத்தைத் திருப்பத் தொடங்கினான். மைதானத்தில் மட்டுமல்லாமல் தெருவிலும் மாதா கோயிலிலும் திருப்பினான். பூசை நேரத்தில் பெண்கள் பக்கம் பார்க்கிறான் என்று அம்மா வீட்டுக்கு வந்து திட்டினாள். ஆனால் அந்தப் பழக்கம் அவன் ஆட்டத்தை மாற்றியது என்பதை, முன்பு கேலி செய்த கோல்கீப்பரே ஒப்புக்கொண்டான். சென்னைக் கல்லூரி ஒன்றின் பயிற்சியாளர், அடுத்த ஆண்டு விளையாட்டு ஒதுக்கீட்டு இடத்துக்கு ஆள் பார்க்க ஆகஸ்ட் மாதத் திருவிழாப் போட்டிக்கு வருகிறார் என்ற செய்தி வந்தபோது, எங்கள் தெருவிலிருந்து அண்ணன் பெயர்தான் முதலில் அடிபட்டது. துறைமுகத்தில் கிரேன் ஓட்டிய அப்பா, உடன் வேலை பார்த்த அத்தனை பேரிடமும் இதைச் சொல்லியிருந்தார்.

அந்த ஆகஸ்டுக்கு முந்தைய நவம்பரில் எட்டாம் நம்பரின் வலது முழங்காலில் தசைநார் அறுந்தது. அறுவை சிகிச்சை நடந்தது என்றும், எட்டு மாதம் ஆகும் என்றும் நான் நோட்டில் எழுதினேன். ஜனவரியில், பொங்கல் முடிந்த வாரம், மைதானத்தில் ஆடும்போது அண்ணனின் வலது முழங்கால் போனது. பாதம் தரையில் நின்றுவிட, உடம்பு மட்டும் திரும்பியது. யாரும் அவனைத் தள்ளவில்லை.

மருத்துவர் முட்டியை அசைத்துப் பார்த்துவிட்டு, தசைநாராக இருக்கலாம், மதுரைக்குப் போய் ஸ்கேன் எடுங்கள், அறுவை சிகிச்சை தேவைப்படலாம் என்றார். வளரும் பையனின் காலில் கத்தி படுவதை நினைக்க அப்பாவால் முடியவில்லை. அவனை எலும்பு வைத்தியரிடம் கூட்டிப்போனார். உளுந்து மாவும் முட்டை வெள்ளைக்கருவும் கலந்து கட்டு போட்டார்கள். அந்த வைத்தியரைக் குறை சொல்ல நான் வரவில்லை. வீக்கத்தை வடித்துத் தருகிறேன் என்றார், வடித்துத் தந்தார். தசைநாரைப் பற்றி அவர் வாக்கு எதுவும் கொடுக்கவில்லை. அதை எங்களுக்கு நாங்களே கொடுத்துக்கொண்டோம்.

எப்படியென்றால், அன்று முதல் என் நோட்டு எங்கள் வீட்டின் மருத்துவ அறிக்கையாகிவிட்டது. சனிக்கிழமை மாலை அப்பா வேலை முடிந்து வந்து, முகம் கழுவியதும் அதைத்தான் கேட்பார். எட்டாம் நம்பர் ஊன்றுகோலை விட்டுவிட்டார், அண்ணனும் விட்டான். அவர் நீச்சல் குளத்தில் நடந்தார். அண்ணனைக் கடலில் இடுப்பளவுத் தண்ணீரில் நடக்க வைத்தார்கள். அவர் கணுக்காலில் இரும்பு எடை கட்டித் தூக்கும் படம் வந்தது. நாங்கள் ஒரு கிலோ உப்புப் பாக்கெட்டைத் துணியில் வைத்துக் கட்டினோம். பிறகு இரண்டு கிலோ. முடிச்சுப் போடுவதும் எண்ணுவதும் என் வேலை. அப்பாவின் தீர்ப்பு சுருக்கமானது: “ஜெர்மன்காரன் எறங்கட்டும். அவன் எறங்கின பெறவு நீ எறங்கு.”

அம்மா மட்டும் ஒருமுறை சொன்னாள்: “அவனுக்கு அங்கன பாக்கதுக்கு ஆளு இருக்கு. இவனுக்கு யாரு இருக்கா?”

அப்பா என்னிடம் நோட்டைக் கேட்டார். எடுத்துக் கொடுத்தேன். ‘அறுவை சிகிச்சை’ என்ற சொல் என் கையெழுத்திலேயே நோட்டில் இருந்தது. இரண்டு முழங்கால்களையும் வாரம் தவறாமல் ஒப்பிட்ட நாங்கள், ஒன்று தைக்கப்பட்டது, மற்றது தைக்கப்படவில்லை என்பதை ஒருமுறைகூட ஒப்பிடவில்லை.

ஜூலை மாதம் எட்டாம் நம்பர் ஒரு பயிற்சி ஆட்டத்தில் இறங்கினார். அந்தப் பக்கத்துக்கு நான் சிவப்பு மையில் கட்டம் போட்டேன். அடுத்த வாரம் அண்ணனும் பயிற்சிக்குப் போகத் தொடங்கினான். ஓடினான், உதைத்தான், பார்த்தவர்கள் பழைய மாதிரியே இருக்கிறான் என்றார்கள். படி இறங்கும்போது மட்டும் சில நாள் முட்டி தன்போக்கில் நழுவியது. அதை அவன் என்னிடம் சொன்னான், வேறு யாரிடமும் சொல்ல வேண்டாம் என்றும் சொன்னான்.

திருவிழாப் போட்டிக்கு முந்தைய சனிக்கிழமை நான் மாடியேறிப் பக்கத்தைத் திறந்தபோது, திரையில் எட்டாம் நம்பர் புல்லில் மல்லாந்து கிடந்தார். இரு கைகளாலும் முகத்தை மூடியிருந்தார். அருகில் ஒருவர் அவருடைய வலது காலைப் பிடித்துக்கொண்டு மண்டியிட்டிருந்தார். கணினி மாற்றித் தந்த ஆங்கிலத்தில் இந்த முறை எந்தக் குழப்பமும் இல்லை. அதே முழங்கால், அதே தசைநார், மறுபடியும்.

நான் பேனாவைத் திறந்து வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். நேரம் முடிந்துவிட்டது பாப்பா என்று கடைக்காரர் இரண்டு முறை சொன்னார். அண்ணன் இதைப் படித்தால் மனம் உடைந்துவிடுவான், மனம் உடைந்தால் நாளை சரியாக ஆடமாட்டான், ஆடாவிட்டால் சென்னை போகமாட்டான் என்று எனக்குத் தோன்றியது. அந்த வயதுக்கு அது ஒழுங்கான தர்க்கம்தான். முழங்கால் மட்டும் அதில் எங்குமே வரவில்லை. தேதியைப் போட்டு, அதன்கீழ், ‘இந்த வாரம் புதிய செய்தி இல்லை’ என்று எழுதினேன்.

மாலையில் அப்பா கேட்டபோதும் அதையே சொன்னேன். அவர் நோட்டைப் பார்த்துவிட்டு அண்ணனிடம் கொடுத்தார். அவன் அந்த ஒரு வரியைப் படிக்க அதிக நேரம் எடுத்துக்கொண்டான். பிறகு அடுத்த பக்கத்தைப் புரட்டினான். அது காலியாக இருந்தது. “சரிளா” என்று சொல்லி நோட்டை என்னிடம் திருப்பித் தந்தான்.

மறுநாள் ஆட்டத்தில் முதல் பாதி முழுவதும் அவன் நன்றாகவே ஆடினான். அப்பாவும் நானும் எல்லைக்கோட்டுக்கு அருகில் இருந்தோம். அண்ணன் வழக்கத்தைவிட அதிகமாகக் கழுத்தைத் திருப்பிப் பார்த்துக்கொண்டிருந்தான். பந்து வருவதற்கு முன் எட்டாம் நம்பர் இப்படித்தான் பார்ப்பார் என்று பக்கத்தில் இருந்த பெண்ணுக்கு நான் பெருமையோடு விளக்கினேன். இரண்டாம் பாதி தொடங்கிச் சிறிது நேரத்தில், எதிரில் யாரும் இல்லாத இடத்தில், அவன் திரும்ப முயன்று விழுந்தான். பலகையில் வைத்துத் தூக்கிவந்தார்கள். சென்னையிலிருந்து வந்தவர் எங்கள் அணியிலிருந்து வேறொருவனைத் தேர்ந்தெடுத்தார். பிறகு மதுரையில் ஸ்கேன் எடுத்ததில், தசைநாரோடு மூட்டின் உள்ளே இருக்கும் குருத்தெலும்பும் கிழிந்திருந்தது தெரிந்தது. அறுவை சிகிச்சையும் நடந்தது. அண்ணன் அதற்குப் பிறகு போட்டி எதிலும் ஆடவில்லை.

எட்டாம் நம்பர் ஓராண்டு கழித்துத் திரும்பி வந்து, மூன்றாம் பிரிவில் இரண்டு பருவங்கள் ஆடி, இருபத்தெட்டு வயதில் விலகினார். இப்போது தன் பிறந்த ஊரில் சிறுவர்களுக்குப் பயிற்சி தருகிறார். இவை நான் வளர்ந்த பிறகு தேடிப் படித்தவை, நோட்டில் இல்லை. அண்ணன் இன்று கன்டெய்னர் யார்டில் பெட்டிகளின் நெளிவுகளையும் ஓட்டைகளையும் பரிசோதித்துக் குறிக்கும் வேலையில் இருக்கிறான். நடையில் குறை தெரியாது. படிகளில் மட்டும் கைப்பிடியைத் தேடுவான்.

நான் சமூகப்பணி படித்தேன். ஒரு முடிவு யார் யாரைக் கேட்டு எடுக்கப்பட்டது, கேட்கப்படாமல் விடப்பட்டவர் யார் என்று பிறர் வீடுகளில் விசாரிப்பதே என் வேலையாயிற்று. எங்கள் வீட்டைப் பற்றி மட்டும் விசாரிக்காமலே தீர்ப்பு எழுதி வைத்திருந்தேன்: குற்றவாளி நான். கடந்த கிறிஸ்துமஸுக்கு ஊருக்குப் போனபோது, அன்று அந்தச் செய்தியை மறைத்ததை அண்ணனிடம் சொல்லிவிட்டேன். தன் மகளுக்குக் கேக் வெட்டிக் கொடுத்துக்கொண்டிருந்தவன், கையை நிறுத்தவில்லை.

“எனக்குத் தெரியும்ளா. வெள்ளிக்கெழமையே கோல்கீப்பர் பய போன்ல காட்டிட்டான்.”

தெரிந்தும் ஏன் ஆடினாய் என்று கேட்டேன். கேக் துண்டைத் தட்டில் வைத்துவிட்டுத்தான் பதில் சொன்னான்.

“நீ எழுதிருந்தன்னா அப்பாட்ட நோட்டக் காட்டிருப்பேன். பயமா இருக்குன்னு என் வாயால சொல்ல முடியல. நீ எழுதல. சரி, நீயும் நான் ஆடணும்னுதான் நெனைக்கன்னு நெனச்சுக்கிட்டேன்.”

அதில் வருத்தமோ கோபமோ இல்லை. பெட்டியில் நெளிவு எங்கே இருக்கிறது என்று சொல்வதுபோலச் சொன்னான். என் பங்கு குறைந்ததா கூடியதா என்று அன்றிலிருந்து கணக்கிட்டுப் பார்க்கிறேன். ஒரு பதினொரு வயதுச் சிறுமியின் நோட்டைத் தவிர வேறெதையும் காட்டித் தன் அச்சத்தைச் சொல்ல வழியில்லாத நிலையில் அவனை நாங்கள் எல்லோருமாக வைத்திருந்தோம் என்பது மட்டும் தெளிவாகத் தெரிகிறது.

இப்போது எனக்கு அந்த ஆட்டம் வேறு மாதிரி நினைவுக்கு வருகிறது. முதல் பாதியில் அவன் கழுத்தைத் திருப்பித் திருப்பிப் பார்த்தது எங்கள் பக்கம். அப்பா உட்கார்ந்திருந்த இடத்தையும், மடியில் நோட்டை வைத்துக்கொண்டு நான் உட்கார்ந்திருந்த இடத்தையும் பார்த்தான். நான் பக்கத்துப் பெண்ணுக்கு எட்டாம் நம்பரின் ஆட்ட நுணுக்கத்தை விளக்கிக்கொண்டிருந்தேன். பந்து அப்போது மைதானத்தின் மறுகோடியில் இருந்தது.