கட்டு நிறையாத பாடம்

என் அக்கா ஒட்டுண்ணியியலில் தேறவில்லை என்று முடிவு வந்தபோது வீட்டில் யாரும் நம்பவில்லை. ஒட்டிக்கொண்டால் விடாமல் இருக்கும் கலையில் அவளுக்கு யார் மார்க் போடுவது? அளவு தப்பாகத் தைத்துவிட்டுத் தையல்காரர் கடையைச் சாத்தினால், திறக்கும்வரை வாசலிலேயே உட்கார்ந்திருக்கும் பிறவி அவள்.

பகலில் ஆஸ்பத்திரிப் பரிசோதனைக் கூடத்தில் தற்காலிக வேலை, மாலையில் படிப்பு. வேலை நிரந்தரமாக வேண்டுமென்றால் மாதக் கடைசிக்குள் பட்டச் சான்றிதழைக் காட்டவேண்டும். இல்லாவிட்டால் அந்த இடம் வேறு ஆளுக்குப் போய்விடும். குறுக்கே நின்றது இந்த ஒரு பாடம்தான். விடைத்தாளை மறுபடி திருத்தச் சொல்லி விண்ணப்பித்திருந்தாள். விதியில் சொன்ன கெடு தாண்டியும் பதில் வரவில்லை.

பல்கலைக்கழகத்தின் மறுமதிப்பீட்டுப் பிரிவுக்கு என்னையும் இழுத்துக்கொண்டு போனாள். வண்டி ஓட்ட ஒரு ஆள் வேண்டும், அவளுக்குக் கோபம் வந்தால் கையைப் பிடிக்கவும் ஒரு ஆள் வேண்டும். உள்ளே கூரை வரைக்கும் விடைத்தாள் கட்டுகள். நடுவில் எழுத்தர், மூக்கு நுனியில் கண்ணாடி.

"கட்டு நிறையலம்மா" என்றார்.

"என்ன கட்டு சார்?"

"ஒரு பாடத்துல அம்பது தாள் சேர்ந்தாத்தான் கட்டாக் கட்டித் திருத்துறவருக்கு அனுப்புவோம். உங்க பாடத்துல நீங்க ஒருத்தர்தான் போட்டிருக்கீங்க."

"அந்தப் பாடத்தை எடுத்ததே மூணு பேர்தான் சார்."

அவர் சற்று யோசித்தார். "அப்ப கொஞ்சம் லேட்டாகும்."

நான் அக்காவின் கையைப் பிடித்துக்கொண்டேன்.

மறு கையால் அவள் விதிப்புத்தகத்தை மேசைமேல் விரித்தாள். நாற்பத்தைந்து நாளுக்குள் முடிவு தெரிந்தாகவேண்டும், அது மாணவரின் உரிமை என்று அச்சிலேயே இருந்தது. கட்டைப் பற்றி ஒரு வரிகூடக் கிடையாது. எழுத்தர் மரியாதையாக முழுவதையும் படித்தார். "நல்லா எழுதியிருக்காங்க" என்று திருப்பிக் கொடுத்தார்.

கல்லில் நார் உரிப்பவளிடம் இது நடக்குமா? நேரே குறைதீர் மன்றத்தில் மனுப் போட்டாள். விசாரணைக்கு எழுத்தரும் வந்தார்.

"மூணு பேர் படிக்கிற பாடத்துல அம்பது தாள் எப்படிங்க சேரும்?" என்று நடுவர் கேட்டார்.

"அதாங்க ஐயா, சேரல" என்றார் எழுத்தர். அந்த மனிதரிடம் துளிக் கள்ளம் கிடையாது. அதுதான் எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது.

தாளைத் தனியாகவே உடனே அனுப்பவேண்டும் என்று உத்தரவானது. எழுத்தர் அந்த ஒற்றைத் தாளுக்கு மேலும் கீழும் அட்டை வைத்து, நாலு பக்கமும் கயிறு இறுக்கி, அரக்கு முத்திரையும் வைத்துத்தான் அனுப்பினார். முதல் தடவை திருத்தியவர் கடைசி இரண்டு விடைகளைப் பார்க்கவே இல்லையாம். அக்கா தேறினாள். அன்றைக்கு நானே தெருவெல்லாம் சொல்லிக்கொண்டு திரிந்தேன்.

மாதக் கடைசிக்குள் சான்றிதழும் வந்தது. வாங்கப் போன அன்று பிரிவில் வேறு யாரும் இல்லை. எழுத்தர் எழுந்து வந்து குரலைத் தணித்துக்கொண்டார்.

"அந்த மனு எப்படி எழுதணும்னு கொஞ்சம் சொல்லித் தர்றியாம்மா? என் பொண்ணு தாளும் இங்கதான் கிடக்கு. அவ பாடத்துலயும் அவ ஒருத்திதான். வருஷம் ஒண்ணாச்சு, கிடைச்ச வேலையும் கைவிட்டுப் போச்சு."

அக்கா கூரை வரை அண்ணாந்து பார்த்தாள். "இதுல எங்க சார் தேடுறது?"

"தேட வேண்டாம்மா. என் மேசையிலதான் வெச்சிருக்கேன்."

"அப்ப நீங்களே அனுப்பியிருக்கலாமே சார்?"

அவர் கண்ணாடியைக் கழற்றிக் கண்ணைத் துடைத்துக்கொண்டார்.

"கட்டு நிறையலையேம்மா."