புனிதமலர் தின்ற விளைமீன்

யாக்கோப்புவுக்குப் பொன்னாடை போர்த்தினார்கள். கடல் வந்து இருபது வருடம் முடிந்த நினைவு நாள் அது. முல்லைத்தீவுக் கரையோரத்துச் சின்ன மாதா கோவிலில் பூசை முடிந்து, மெழுகுதிரி கொளுத்தி, இறந்தவர்களின் பெயர்களை வாசித்து, எல்லாரும் அழுது ஓய்ந்த பிறகு சங்கத் தலைவர் ஒலிவாங்கியைப் பிடித்தார்.

"சுனாமிக்குப் பிறகு ஒருத்தரும் கடலில கால் வைக்கேலாமல் நிண்ட நேரம், முதன்முதலா வள்ளத்தை இறக்கின மனிசன் எங்கட யாக்கோப்பு அண்ணன். அவர் இறக்கியிராட்டி இண்டைக்கு இந்தக் கரையில ஊரே இல்லை."

சனம் கை தட்டியது. யாக்கோப்பு தலையைக் குனிந்துகொண்டார். ஆனால் முகம் மலர்ந்ததை மறைக்க முடியவில்லை. மறைக்க வேண்டிய தேவையும் இல்லை, அது பொய்யல்லவே. வள்ளத்தை முதலில் இறக்கியது அவர்தான். அதற்கு முதல் நாள் அதே கரையில் நடந்ததைத்தான் ஒருவரும் ஒலிவாங்கியில் சொல்வதில்லை. எங்கள் ஆட்களுக்கு மேடையில் சொல்ல வசதியான வீரம் ஒன்று இருக்கிறது, சொல்ல வாய் கூசும் வீரம் இன்னொன்று இருக்கிறது. இரண்டாவது வகைக்கு யாரும் பொன்னாடை வாங்கி வைப்பதில்லை.

அந்த இரண்டாவது வகைக்காரி, யாக்கோப்புவின் மனைவி புனிதமலர், பெண்கள் பக்கத்தில் கடைசி வாங்கில் இருந்தாள். கை தட்டி முடியுமுன்னே எழுந்து வீட்டுக்குப் போய்விட்டாள். மகள் கிருசாந்தினியும் மருமகன் நிருஷனும் நெளுக்குளத்திலிருந்து வந்திருந்தார்கள். அடுப்பில் மீன் குழம்பு கிடந்தது.

இருபது வருடத்துக்கு முந்திய அந்த ஞாயிற்றுக்கிழமைக்கு வருவோம். நத்தார்ப் பண்டிகைக்கு அடுத்த நாள். விடியுமுன்னே யாக்கோப்பு கடலுக்குப் போய்விட்டார். மகள் கிருசாந்தினிக்குக் காய்ச்சல். புனிதமலர் அவளைத் தூக்கிக்கொண்டு உள்ளே முள்ளியவளைக்கு மருந்தெடுக்கப் போனாள். ஏழு வயது மகன் யூட்சன் வரமாட்டேன் என்று அடம்பிடித்தான். அப்பாவின் வள்ளம் வரும், மீன் பார்க்க வேண்டும் என்றான். நத்தார் சட்டையைக்கூடக் கழற்றவில்லை. சரி, பக்கத்து வீட்டில் நில் என்று சொல்லிவிட்டுப் போனாள்.

ஆழக்கடலில் நின்ற யாக்கோப்புவுக்கு ஒன்றுமே தெரியவில்லை. வள்ளம் ஒருதரம் மெல்ல உயர்ந்து இறங்கியது. அவ்வளவுதான். ஊரை விழுங்கப் போன அலை தன் காலுக்கடியால்தான் போயிருக்கிறது என்று அறியாமல் அவர் வலையை இழுத்துக்கொண்டிருந்தார். திரும்பி வந்தபோது கரையைக் காணவில்லை. கோவில் கோபுரம் இல்லை, வாடிக் குடிசைகள் இல்லை. திசை மாறி வேறு எங்கோ வந்துவிட்டேன் என்று நினைத்து வள்ளத்தைத் திருப்பக்கூடப் பார்த்தார். அப்போதுதான் தண்ணீரில் மிதந்த கதிரைகளையும், அவற்றுக்கிடையே மிதந்தவர்களையும் கண்டார்.

யூட்சன் கிடைக்கவேயில்லை. கிடைக்காத பிள்ளைகள் அந்தக் கரையில் நிறையப் பேர்.

அதற்குப் பிறகு வந்த மாதங்களில் ஒருவரும் மீன் தின்னவில்லை. மீன்பிடி ஊர் மீன் தின்னவில்லை என்றால் நம்புவீர்களா? மீன் வயிற்றில் மோதிரம் இருந்ததாம், தலைமயிர் இருந்ததாம் என்று ஆளாளுக்கு ஒரு கதை. கண்டவர் ஒருவருமில்லை, கேட்டவர்கள் எல்லாரும். அந்தக் கதை ஒட்டுசுட்டானையும் தாண்டிக் கிளிநொச்சி வரை போய்விட்டது. சைக்கிளில் மீன் கொண்டுபோனவர்களைப் படலையிலேயே மறித்துத் திருப்பி அனுப்பினார்கள். தவக்காலத்தில் இறைச்சியை விட்டு மீன் தின்னும் ஊர் அந்த வருடம் இரண்டையும் விட்டது.

நிவாரணப் பருப்பும் கூடாரமும் எத்தனை நாளைக்கு? வேறு தொழில் தெரியாத சனம். கரையை விட்டுப் போய்விடுவோம், இனி இது ஊரில்லை என்று கதை தொடங்கியது. கடலில் நின்றதால் தப்பிய சில வள்ளங்களில் யாக்கோப்புவினதும் ஒன்று. அவர் அதைக் கவிழ்த்துப் போட்டுவிட்டு, இனிமேல் தொடுவதில்லை என்று மாதா மேல் சத்தியம் பண்ணியிருந்தார். குடியும் தொடங்கியிருந்தது.

உயிர்த்த ஞாயிறு கழிந்த ஒரு காலையில் இரண்டு பெடியள் துணிந்து கரையோடு கரையாக வலை போட்டார்கள். நல்ல விளைமீன் பட்டது. பழைய யாவாரி ஐஸ் லொறியோடு வந்து நின்றார். மீனைப் பார்த்தார், தொடவில்லை.

"உங்கட ஆக்களே தின்னாத மீனை நான் ஆருக்குக் கொண்டுபோய் விக்கிறது? முதல்ல நீங்கள் தின்னுங்கோ. பிறகு சனம் தின்னும்."

ஊர் முழுக்கக் கரையில் நின்றது. யாவாரி லொறியில் ஏறக் காலைத் தூக்கினார்.

"நில்லுங்கோ அண்ணை" என்றாள் புனிதமலர்.

கூட்டத்தை விலக்கிக்கொண்டு வந்தாள். குவியலில் இருந்த பெரிய மீனை வாலில் பிடித்துத் தூக்கினாள். பெடியனின் கத்தியை வாங்கி மணலில் குந்தினாள். அவள் என்ன செய்யப்போகிறாள் என்று விளங்கியும் யாக்கோப்பு நின்ற இடத்திலேயே நின்றார். கத்தி வயிற்றில் இறங்கியபோது பெண்கள் கண்ணைப் பொத்தினார்கள். ஆண்களும்தான்.

அவள் குடலை வெளியே எடுத்து, எல்லாரும் பார்க்க மணலில் விரித்துவிட்டாள். இரண்டு மூன்று குட்டி றாலும் கொஞ்சம் பாசியும்.

"பாருங்கோ" என்றாள்.

மூன்று கல்லை வைத்து, நிவாரணத்தில் கிடைத்த சட்டியை ஏற்றி, புளியும் உப்பும் தூளும் போட்டுக் கொதிக்க வைத்தாள். மீன் குழம்பு வாசம் கரையில் எழும்பி எத்தனையோ மாதம். அந்த வாசத்துக்கு ஒரு கிழவர் ஓங்காளித்தார். மூன்று பிள்ளைகளைப் பறிகொடுத்த கமலாசனி பாய்ந்து வந்து புனிதமலரின் தலைமயிரைப் பிடித்தாள்.

"உன்ர பிள்ளையைத் திண்ட மீனையடி! பெத்த வயிறோடி உனக்கு? எப்பிடியடி உனக்கு வாய் வருது?"

புனிதமலர் பிடியை விடுவிக்கவில்லை. மயிர் கமலாசனியின் கையில் இருக்க, தலை ஒரு பக்கம் சரிய, ஒரு துண்டை எடுத்து வாயில் வைத்தாள். வைத்தவுடன் உடம்பு குலுங்கியது. தின்றது வெளியே வந்துவிடும் என்று எல்லாரும் பார்த்துக்கொண்டிருக்க, உள்ளங்கையால் வாயை இறுக்கப் பொத்திக்கொண்டாள். கண் பிதுங்க, கழுத்து நரம்பு புடைக்க, அப்படியே விழுங்கினாள். கமலாசனியின் கை தானாகக் கழன்றது.

பிறகு இன்னொரு துண்டை எடுத்துக்கொண்டு யாக்கோப்புவிடம் வந்தாள். குழந்தைக்குத் தீத்துவதுபோல அவர் வாயில் வைத்தாள். அவர் தின்றார். மறுக்கத் தெரியாமல்தான் தின்றார், அதை இன்றும் ஒப்புக்கொள்வார். யாவாரி தானும் ஒரு துண்டு கேட்டு வாங்கித் தின்றார். லொறியில் மீன் ஏறியது. அடுத்த நாள் யாக்கோப்பு வள்ளத்தை நிமிர்த்தினார். மிச்சம் உங்களுக்கு மேடையில் சொல்லியாயிற்று.

மேடையில் சொல்லாத மிச்சம் ஒன்று உண்டு. மீன் வித்தது, ஊர் பிழைத்தது, ஆனால் அந்தப் பெண்ணை ஊர் மன்னிக்கவில்லை. முதுகுக்குப் பின்னால் அவளுக்கு ஒரு பெயர் வைத்தார்கள். பிள்ளைதின்னி. அவள் வைத்த சட்டியிலிருந்து வந்த சோற்றைத்தான் தின்கிறோம் என்ற நன்றி ஒரு நாய்க்குக்கூட இருந்திருக்கும். யாக்கோப்பு அந்தப் பெயரைக் கள்ளுக் கொட்டிலில் கேட்டார். ஒருவனின் பல்லையும் உடைத்தார். புனிதமலரின் காதுக்கு அது போகவில்லை என்று நம்பினார். பிறகு சண்டை வந்தது, ஓட்டம் வந்தது, முகாம் வந்தது, பெயர் வைத்தவர்களில் பலர் திரும்பி வரவில்லை. பெயரும் செத்துவிட்டது என்று நினைத்தார்.

நினைவு நாளன்று பொன்னாடையோடு வீட்டுக்கு வந்த யாக்கோப்பு அதை மடிக்கவும் மனமில்லாமல் தோளிலேயே போட்டுக்கொண்டு கதிரையில் இருந்தார். வழக்கமாக அவருக்குச் சாப்பாடு போட்டுவிட்டுப் புனிதமலர் குசினிக்குள் போய்விடுவாள். எல்லாரும் தின்று முடிந்தபிறகு அவள் தின்பாள். கலியாணம் கட்டிய நாளிலிருந்து அப்படித்தான். அங்கே என்ன தின்கிறாள் என்று எட்டிப் பார்க்கும் பழக்கம் அந்தக் கரையில் எந்த ஆம்பிளைக்கும் கிடையாது.

மருமகன் நிருஷன்தான் அன்றைக்கு விடவில்லை. "மாமி, நீங்களும் இருங்கோ. எல்லாரும் ஒண்டாச் சாப்பிடுவம்" என்று கையைப் பிடித்து இருத்தினான். சட்டியைத் தானே எடுத்து, பெரிய துண்டாகப் பார்த்து மாமியாரின் சோற்றுக் கோப்பையில் போட்டான்.

கிருசாந்தினி பேசிக்கொண்டே கையை நீட்டி, தாயின் கோப்பையில் இருந்த மீனை எடுத்துத் தன் கோப்பையில் போட்டுக்கொண்டாள். குழம்பு பட்ட சோற்றையும் வழித்து எடுத்தாள். பக்கத்தில் இருந்த பருப்பைத் தாய்க்குத் தள்ளி வைத்தாள். ஒவ்வொரு நாளும் செய்கிறவள்போலச் செய்தாள்.

யாக்கோப்பு பார்த்தார்.

"என்ன பிள்ளை, கொம்மாவின்ர மீனை எடுக்கிறாய்?"

கிருசாந்தினி நிமிர்ந்தாள். "அம்மா மீன் தின்னுறேல்லையே அப்பா." தகப்பனின் முகத்தைப் பார்த்ததும் அவள் குரல் இறங்கியது. "உங்களுக்குத் தெரியாதோ?"

யாக்கோப்புவுக்குக் கை பாதி வழியில் நின்றது. முகாமில் நிவாரணமாகக் கிடைத்த தகர ரின் மீனை ஒவ்வொரு முறையும் பக்கத்துக் கூடாரத்துக்குக் கொடுத்தாளே, எவ்வளவு நல்ல மனம் என்று பெருமைப்பட்டாரே. குழம்பில் உப்புப் பார்க்கச் சொல்லி மகளைக் கூப்பிடுவாளே, வயது போய் நாக்கு மங்கிவிட்டது என்று பகிடி பண்ணினாரே. எல்லாம் ஒன்றன் மேல் ஒன்றாக வந்து விழுந்தன.

"எப்ப தொட்டு?" என்றார் மனைவியிடம்.

"அண்டைக்குத் தொட்டுத்தான்."

"அப்ப... அந்த ஒரு துண்டோடயோ?"

"ஓம்."

"அப்ப அண்டைக்கு ஏன் திண்டனீ?"

புனிதமலர் பருப்பைச் சோற்றில் பிசைந்தாள். "நான் தின்னாட்டி நீங்கள் திண்டிருப்பியளோ? ஊர் திண்டிருக்குமோ? ஆரோ ஒருத்தர் தின்னத்தானே வேணும். அந்தத் துண்டை விழுங்கேக்க நான் யூட்சனிட்ட மன்னிப்புக் கேட்டனான். இன்னொருக்காக் கேக்க எனக்குத் தைரியமில்லை."

நிருஷன் எழுந்து வெளியே போய்விட்டான். கிருசாந்தினி வாய்விட்டு அழுதாள். யாக்கோப்பு தோளில் கிடந்த பொன்னாடையை இழுத்துக் கீழே போட்டார்.

"நான் நாளைக்கே கோவில் சுவாமியாரிட்டப் போறன். சங்கத்திலயும் சொல்லுறன். முதல் ஆள் நானில்லை, நீ எண்டு எல்லாருக்கும் சொல்லப்போறன்."

"என்னெண்டு சொல்லுவியள்?" புனிதமலர் அவரை நேராகப் பார்த்தாள். "பிள்ளைதின்னிதான் முதல் ஆள் எண்டோ?"

யாக்கோப்பு அவளை நிமிர்ந்து பார்த்தார். அவளுக்குத் தெரிந்திருக்கிறது. இவ்வளவு காலமும் தெரிந்திருக்கிறது. காலுக்கடியால் அலை போனதை அறியாமல் வலை இழுத்த அதே மனிசன்தான் அவர். அன்றைக்கு வள்ளத்தில், இவ்வளவு காலமும் இந்த வீட்டில்.

கோப்பையைத் தள்ளிவிட்டு எழும்பப் பார்த்தார். புனிதமலர் கையைப் பிடித்து இருத்தினாள்.

"இருங்கோ. நீங்கள் தின்னவேணுமெண்டுதானே நான் திண்டனான். இப்ப எழும்பினியளெண்டால் அது என்னத்துக்கு?"

அவர் இருந்தார். மீனில் ஒரு துண்டைப் பிய்த்து வாயில் வைத்தார். உடம்பு குலுங்கியது. உள்ளங்கையால் வாயை இறுக்கப் பொத்திக்கொண்டு விழுங்கினார்.

புனிதமலர் பார்த்துக்கொண்டிருந்தாள். பிறகு சட்டியை எடுத்து இன்னொரு துண்டை அவருடைய கோப்பையில் போட்டாள்.