கேள்வியம்மா குடிக்காத தண்ணீர்

பதினோர் ஆண்டுகளாகப் பிறர் வீட்டுப் படியேறிக் கேள்வி கேட்பதே அவள் தொழிலாக இருந்தது. வெள்ளமோ தீயோ ஒரு பகுதியைத் துடைத்துப் போட்டபின் நிவாரண நிறுவனங்கள் வந்து கூரையும் போர்வையும் கொடுக்கும். கொடுத்தவை உரியவர் கைக்குப் போயினவா, போனவை பயன்பட்டனவா என்று பார்த்து எழுத இவளை அனுப்பும். தாள்களில் அவளுக்கு 'மதிப்பீட்டாளர்' என்று பட்டம். குடியிருப்புகளிலோ அவள் கேள்வியம்மா. முதல் வரிசையில் அவள் செருப்பைக் கழற்றும்போதே, "கேள்வியம்மா வந்தாச்சு" என்ற செய்தி கடைசி வரிசைக்குப் போய்விடும்.

அதற்குமுன் அவள் ஒரு பள்ளியின் ஆய்வகத்தில் உதவியாளராக இருந்தவள். கண்ணாடிக் குழாயில் நிற்கும் நீரின் அளவைக் கண்ணை அதற்கு நேராகத் தாழ்த்தியே படிக்க வேண்டும் என்று மாணவர்களுக்குச் சொல்லிச் சொல்லி, எதையும் மேலிருந்து பார்த்து மதிப்பிடக் கூடாது என்பது அவளுக்கே ஒரு விரதம்போல ஆகிவிட்டிருந்தது. வீட்டிலும் அந்தக் குணம் போகவில்லை. பேருந்து ஓட்டி ஓய்வுபெற்ற கணவர் அதை விட்டுவைப்பாரா?

"இந்தா, அந்தக் கேள்வி அட்டையை வாசல்லயே வெச்சுட்டு வா. சாப்பாடு எப்படி இருக்குன்னு கேட்டா நல்லா இருக்குன்னு சொல்லத்தான் எனக்குத் தெரியும். அஞ்சுக்கு எத்தனைன்னு எல்லாம் சொல்லத் தெரியாது."

"நல்லா இருக்குன்னா என்ன அர்த்தம்? உப்பா, காரமா?"

"உசிரோட இருக்கணும்னு அர்த்தம்."

அவளிடம் ஒரு நெறி இருந்தது. மதிப்பிடப் போகும் வீட்டில் எதையும் வாங்கக் கூடாது; ஒரு வாய் தண்ணீர்கூட. வாங்கிக் குடித்தால் நன்றி என்ற ஒன்று நெஞ்சில் வந்து உட்கார்ந்துகொள்ளும், எழுதும் கை அதன் பக்கம் சாயும் என்பது அந்தத் தொழிலின் பாடம். உடன் பணிபுரிந்தவர்கள் அவ்வப்போது நெகிழ்ந்தார்கள். அவள் நெகிழவில்லை. தன் குப்பியில் தன் தண்ணீர். அதில் அவளுக்குச் சற்றே பெருமையும் உண்டு.

அந்த ஆண்டு அவள் சென்றது ஆற்று வெள்ளத்தில் வீடிழந்தவர்களைத் தகரக் கூரை வரிசைகளில் குடியேற்றியிருந்த ஓரிடம். நூற்று நாற்பது வீடு. ஒவ்வொரு வீட்டுக்கும் மாதம் ஒரு நிவாரணப் பை: மாவு, பருப்பு, எண்ணெய், சோப்பு. அத்தோடு தொடக்கத்தில் ஒருமுறை, தண்ணீர் வடிகட்டும் இரட்டை வாளியும் கொடுத்திருந்தார்கள். மேல்வாளியில் ஆற்றுநீரை ஊற்றினால் உள்ளே நிற்கும் வெள்ளை மண்குழல் அழுக்கைப் பிடித்துக்கொண்டு நல்ல நீரைக் கீழ்வாளிக்கு விடும். அதே வாளியைப் புதிதாக நாலாயிரம் குடும்பங்களுக்குக் கொடுக்க நிறுவனம் ஆயத்தமாக இருந்தது. அவள் அறிக்கை வந்தால் வண்டி கிளம்பும். மூன்று ஆண்டுகளுக்கு முன் இங்கே நடந்த முதல் மதிப்பீட்டைச் செய்தவளும் அவளே.

நான்கு நாளில் எண்பத்தாறு வீடு பார்த்தாள். எல்லாரும் ஐந்துக்கு ஐந்து சொன்னார்கள். எல்லா வீட்டிலும் வாளி முக்காலியின்மேல் நடுநாயகமாக வீற்றிருந்தது. துவைத்த துணி போர்த்தி, கறையின்றிப் பளபளத்தது. 'நன்கு பராமரிக்கப்படுகிறது' என்று எண்பத்தாறு முறை எழுதினாள். நாள்தோறும் ஆற்றுநீர் ஊற்றும் வாளியில் ஒரு சேற்றுக்கோடுகூட இல்லையே என்று அவளுக்குத் தோன்றவில்லை.

ஐந்தாம் நாள் உச்சிவேளை. எண்பத்தேழாம் வீட்டில் இருந்தவள் ஒரு தையல்காரி. கணவன் வேறிடத்தில் கூலிவேலை. நான்கு வயது மகள் வெட்டுத்துணிக் குவியலின்மேல் வாடிப் படுத்திருந்தாள்.

"பொண்ணுக்கு என்ன?"

"வயித்துப்போக்குங்க. வரும், போகும்."

"வாளியில தண்ணி..."

"ரொம்ப நல்லா இருக்குங்க. அஞ்சு போட்டுக்குங்க." கேள்வி முடியுமுன்பே விடை வந்தது.

தகரக் கூரை அனலைக் கக்கியது. கேள்வியம்மாவின் குப்பி அவள் வந்த வண்டியிலேயே தங்கிவிட்டது. ஏழாம் கேள்விக்கு வரும்போது அவளுக்குக் கண் இருட்டியது. கதவுச் சட்டத்தைப் பிடித்துக்கொண்டாள். பதினோர் ஆண்டுகளில் சொல்லாத சொல் வாயில் வந்தது.

"கொஞ்சம் தண்ணி குடும்மா."

தையல்காரி அப்படியே நின்றாள். பிறகு குவளையை எடுத்து முக்காலியருகே போய், வாளியின் குழாயைத் திருகி நிரப்பினாள். நீட்டினாள். கேள்வியம்மாவின் விரல் குவளையைத் தொடுமுன் வெடுக்கென்று பின்னுக்கு இழுத்தாள்.

"வேணாங்க. இதைக் குடிக்காதீங்க."

குவளை நீரை வாசலில் வீசிவிட்டு உள்ளே ஓடி, மகளுக்கென்று காய்ச்சி மூடிவைத்திருந்த பானையிலிருந்து மொண்டு வந்தாள். கேள்வியம்மா குடித்தாள். கண் தெளிந்தது, தெளிந்த கண்ணுக்கு எதிரே நின்றவளின் முகம் வெளிறியிருந்தது.

"ஏன் அதைக் கொடுக்கலை?"

"நான் ஒண்ணும் சொல்லலைங்க. அஞ்சுன்னே எழுதிக்குங்க."

கேள்வியம்மா எழுந்து துணியை விலக்கி மூடியைத் திறந்தாள். மண்குழல் வெண்மையாகத்தான் நின்றது. அதன் அடியிலிருந்த ரப்பர் வளையம் சுருங்கி, நகம் நுழையும் அளவுக்கு இடைவெளி விட்டிருந்தது. ஊற்றும் நீர் குழலைத் தொடாமலே கீழிறங்கும். கீழ்வாளியின் உட்புறம் பச்சையாக வழுக்கியது.

"எத்தனை நாளா இப்படி?"

"கொடுத்த மூணாம் மாசமே வளையம் போச்சுங்க."

"மத்த வீட்டுல?"

"எல்லா வீட்டுலயுந்தான். கழுவிக் கவுத்து வெச்சிருப்போம். நீங்க வர்றீங்கன்னா தேய்ச்சு எடுத்து முன்னால வைப்போம். நீங்க வந்த அன்னிக்கே ஒரு வாளி ஊத்தி வெச்சேன், நீங்க குழாயைத் திறந்து பார்த்தா தண்ணி வரணுமேன்னு."

"என்கிட்ட சொல்லியிருக்கலாமே அம்மா!"

தையல்காரி நிமிர்ந்து பார்த்தாள். அந்தப் பார்வையில் சினம் இல்லை, வியப்பே இருந்தது.

"சொன்னோமே! போன தடவை கடைசி வரிசையில முப்பத்தோரு வீட்டுக்காரங்க, வாளியைப் பயன்படுத்தலைன்னு உள்ளதை உள்ளபடி சொன்னாங்க. அடுத்த மாசத்துல இருந்து அவங்களுக்குப் பை வரலை. லிஸ்ட்ல பேரே இல்லை. எங்க நாத்தனாரும் அதுல ஒருத்தி. ரெண்டு மாசம் பார்த்தா, அப்புறம் பிள்ளைங்களைக் கூட்டிக்கிட்டு எங்கேயோ போயிட்டா."

"யாரு... யாரு அப்படிப் பண்ணினது?"

"வந்து கேட்டது நீங்கதானேம்மா."

மூன்று ஆண்டுகளுக்கு முன் இவ்வீட்டிலும் கேள்வியம்மா உட்கார்ந்திருக்கிறாள். வாளி நினைவில் இருந்தது, முகம் இல்லை.

"இதை எழுதிடாதீங்க. எங்க பேரும் போயிடும். இவளுக்கு அந்தப் பையை விட்டா வேற ஒண்ணும் இல்லை," என்று தையல்காரி மகளைக் காட்டினாள்.

மாலைக்குள் கேள்வியம்மா நிறுவனத்தின் கோப்பறையில் தன் பழைய அறிக்கையைத் தேடி எடுத்தாள். பதினான்காம் பக்கம். 'வாளியைப் பயன்படுத்தாத குடும்பங்கள்: 31. உதவி, அதைப் பயன்படுத்துவோருக்கே சென்று சேர வேண்டும்.' அவளுடைய வாசகம்; செறிவாக, ஒரு சொல் மிகையின்றி அமைந்த வாசகம். அன்று அதை எழுதியபோது அடைந்த நிறைவுகூட நினைவுக்கு வந்தது. கேள்வித்தாளைப் பார்த்தாள். 'பயன்படுத்துகிறீர்களா? ஆம் / இல்லை.' இல்லையென்றால் ஏன் இல்லை என்று கேட்க அதில் ஒரு வரி இல்லை. தாள் நீண்டுவிடக் கூடாதென்று அவ்வரியை அடித்தவளும் அவளே.

வீட்டுக்கு வந்து கணவரிடம் எல்லாவற்றையும் சொன்னாள். அவர் வழக்கம்போல் கேலி செய்யவில்லை.

"பிரேக் பிடிக்கலைன்னு சொன்ன டிரைவரை எல்லாம் வேலையை விட்டுத் தூக்கினா, மறுநாள்ல இருந்து எல்லா வண்டியிலயும் பிரேக் பிரமாதமா பிடிக்கும்," என்றார். "போ. போய்ச் சொல்லு."

மறுநாள் அவள் விவரம் சொன்ன நிறுவனத்தின் திட்ட அதிகாரி அவளுக்கு மருமகன் வயதுடையவர், நல்லவர்.

"வீட்டு நம்பரைக் கொடுங்க மேடம். ஆள் அனுப்பிச் சரிபார்த்துடலாம்."

"கொடுக்க மாட்டேன் தம்பி. சரிபார்க்கப் போன வீடெல்லாம் லிஸ்ட்ல இருந்து காணாமப் போகுது."

"அப்படி யாரும் பண்ண மாட்டாங்க. நீங்க யாரையோ நம்பி..." என்று சொல்லிக்கொண்டே அவர் கணினியில் பட்டியலைத் திறந்தார். 'வாளிப் பயன்பாடு' என்ற கட்டத்தில் 'இல்லை' என்று இருந்த முப்பத்தொரு வரியும் சாம்பல் நிறத்தில் அணைந்து கிடந்தன. அவர் ஒன்றைத் தட்டிப் பார்த்தார், இன்னொன்றைத் தட்டினார்.

"யாரும் நீக்கலை மேடம். உங்க பரிந்துரையை அப்படியே விதியா போட்டிருக்காங்க. 'இல்லை'ன்னு வந்தா அதுவாவே மூடிக்குது. மூணு வருஷமா... இதை யாரும் திறந்துகூடப் பார்க்கலை."

குற்றவாளி என்று சுட்டிக்காட்ட ஒருவன் இருந்திருந்தால் அவளுக்குச் சற்று ஆறுதலாக இருந்திருக்கும். அங்கே இருந்தது அவள் வாக்கியம் ஒன்றே.

அங்கேயே உட்கார்ந்து, தன் பழைய அறிக்கை தவறானது என்று எழுதித் தன் கையெழுத்திட்டாள். நீக்கிய குடும்பங்களைச் சேர்த்த பின்னரே இனி யாரிடமும் எதையும் கேட்க வேண்டும். என்ன விடை சொன்னாலும் பை நிற்கக் கூடாது. வளையத்தை மாற்றாமல் ஒரு வாளிகூடக் கிடங்கைத் தாண்டக் கூடாது என்றும் எழுதினாள். எந்த வீட்டின் எண்ணும் அதில் இல்லை.

"இதை மேல அனுப்பினா பதினோரு வருஷமா நீங்க எழுதினதையெல்லாம் கிளறுவாங்க."

"கிளறட்டும். அதுல இன்னும் எத்தனை வீடு இருக்கோ!"

"அப்புறம் உங்களை யாரும் வேலைக்குக் கூப்பிட மாட்டாங்க மேடம்."

"அனுப்புங்க தம்பி."

பன்னிரண்டு நாள் கழித்துக் குடியிருப்பின் பலகையில் புதிய பட்டியல் ஒட்டப்பட்டது. அவள் சொந்தச் செலவில் பேருந்தேறிப் போய் நின்றாள். தையல்காரி விரல்வைத்துத் தன் பெயரைக் கண்டுபிடித்து, அது அங்கேயே இருக்கிறதா என்று இரண்டாம் முறையும் தொட்டுப் பார்த்தாள். விரல் கீழே இறங்கிப் புதிதாகச் சேர்த்த முப்பத்தொன்றில் ஓரிடத்தில் நின்றது.

"எங்க நாத்தனார் பேரு இருக்கும்மா. ஆளுதான் இல்லை." முப்பத்தொன்றில் இருபத்திரண்டு வீடு அப்படித்தான் பூட்டிக் கிடந்தன.

"எந்தப் பக்கம் போனாங்க?"

"தெரியலைங்க. நீங்க நாலு இடம் போறவங்க. போற இடத்துல கேட்டுப் பார்ப்பீங்களா?"

கேள்வியம்மா அட்டையை எடுத்து வெற்றுத்தாள் ஒன்றை வைத்தாள்.

"எத்தனை பிள்ளைங்க?"

"ரெண்டுங்க. மூத்தது பொண்ணு. சின்னவன் அப்பத்தான் நடக்க ஆரம்பிச்சான்."

"அப்பத்தான்னா எந்த மாசம்?" என்று கேட்டு, எழுதத் தொடங்கினாள்.