டூட்டி பார்த்த பொம்மை

விழுப்புரத்தில் ஏறித் திண்டிவனம் போன பஸ்ஸில்தான் அந்தக் கண்டக்டரைப் பார்த்தேன். நரைத்த மீசை, ஒரு பக்கக் கம்பியில் நூல் சுற்றிய மூக்குக் கண்ணாடி. ஏறுகிறவர் யாரானாலும் அவருக்கு முதலாளிதான்.

அன்று பஸ் டிவியில், கத்தியோடு ஒரு குடும்பத்தையே துரத்தும் பொம்மையின் பேய்ப்படம். பாதிகூட ஓடவில்லை, என் ஐந்து வயது மகள் தன் துணிப்பொம்மையை ஜன்னல் வழியே எறியப் போனாள். அது இல்லாமல் ஒரு நாளும் தூங்காதவள். நான் தடுத்ததும் வீறிட்டாள்.

கண்டக்டர் டிவியை அணைத்துவிட்டு அவளிடம் வந்தார். "இன்னா பேஜாரு, முதலாளியம்மா?"

"இது என்னக் கொன்னுடும்."

சாலையோரம் பாதி கட்டிய வீட்டைக் காட்டினார். உச்சியில் கோரைப் பல்லோடு திருஷ்டி பொம்மை.

"எம்மாம் பெரிய பல்லு பாரு! யாரயாச்சும் கடிச்சுதா? வூட்டக் காவல் காத்துக்கினு நிக்குது. படத்துல வந்துதே, அது வேல கெடைக்காத பொம்ம."

மகள் யோசித்தாள். "இதுக்கும் வேல இல்லியே?"

"குடு, நான் போட்டுத் தர்றேன்."

முன்கண்ணாடியோரம் சாலையைப் பார்த்தபடி அதை உட்கார வைத்தார். "அப்ப எனக்கு லீவா?" என்றார் டிரைவர்.

திண்டிவனத்தில் இரண்டு கைகளாலும் அதை மகளிடம் நீட்டினார். "வழி பூரா கண்ணே மூடலிங்க, முதலாளியம்மா." அவள் வாங்கி இறுக்கிக்கொண்டாள்.

அவர் பேரைக் கேட்காமலே இறங்கிவிட்டேன். இப்போது பொம்மைக்குப் பகலெல்லாம் எங்கள் வாசலில் டூட்டி, ராத்திரி மகளோடு தூக்கம். வேலைக்குக் கிளம்பும்போது, "வர்றேன் முதலாளி" என்று அதனிடம் சொல்லாமல் எனக்குப் படியிறங்க வருவதில்லை.