துரை நாயின் வயிறு

பிள்ளைகளே, நீங்கள் போனில் கேட்டபோதெல்லாம் "நாய் நல்லா இருக்கு" என்றே சொல்லிவந்தேன். நடுவில் அது சாகக் கிடந்தது. அதைப் போனில் சொல்ல எனக்கு வரவில்லை, எழுதுகிறேன்.

அம்மா குவைத்துக்கும் நீங்கள் கொழும்புக்கும் போனபின், நான் தேயிலைத் தோட்டத்தில் வேலை முடிந்து வந்து கதவைத் திறந்தால் அடுப்புச் சாம்பல்கூடக் குளிர்ந்து கிடக்கும். என்னிடம் வந்து பேச யாருக்கும் ஒரு காரணம் இல்லை. நீங்கள் அந்த வெள்ளைப் பொமரேனியனைக் கொண்டுவந்து விட்டீர்கள், காரணமும் கூடவே வந்தது. அந்த மாதிரி நாயை நம் ஆட்கள் தோட்டத்தை நடத்தும் துரையின் பங்களாவில்தான் பார்த்திருக்கிறார்கள். ஆகவே நம் லயத்து வீட்டு வரிசையில் எல்லோருக்கும் அது துரை நாய். துரை நாய்க்கு நாம் தின்கிற ரொட்டியைப் போடலாமா? ஒருவர் பால்மா கரைத்து வருவார். இன்னொருவர் மாஜரின் தடவிய பாண், வேறொருவர் கேக். பக்கத்து வீட்டுத் தங்கச்சி, "தொரை சாப்புட்டாங்களா?" என்று கேட்டுக்கொண்டே உள்ளே வருவார். நாய் தின்று முடித்த பிறகும் உட்கார்ந்து பேசிக்கொண்டிருப்பார்.

ஒரு நாள் காலையில் நாய் மஞ்சளாக வாந்தி எடுத்தது. முன்கால்களை நீட்டி, பின்பக்கத்தைத் தூக்கிக்கொண்டு, கும்பிடுவதுபோல் நின்றது. வயிற்றைத் தொட்டால் முனகியது. வெளிக்குப் போனதில் சளியும் இரத்தமும். அதைப் பையில் வைத்து, மேலே துண்டைப் போட்டு, பஸ்ஸில் ஹட்டனுக்குக் கொண்டுபோனேன்.

மிருக வைத்தியர் சிங்களவர், தமிழும் பேசுவார். என்னென்ன கொடுத்தோம் என்று கேட்டார். சொன்னேன்.

"ஐயோ, இது நாய். துரை இல்ல" என்று சிரித்தார். வயிற்றை அமுக்கிப் பார்த்ததும் சிரிப்பு நின்றுவிட்டது. கொழுப்பு கூடினால் கணையம் வீங்குமாம், இந்தச் சின்னச் சாதி நாய்களில் அது அடிக்கடி வருமாம். பாலும் பல நாய்களுக்கு ஒத்துக்கொள்ளாதாம். உதட்டை விலக்கி, பல்லில் படிந்திருந்த காரையையும் காட்டினார்.

"திரும்ப வந்தா காப்பாத்த கஷ்டம். நீங்க மட்டும் சாப்பாடு குடுங்க. வேற ஆள் வேணாம்."

ஊசி போட்டு, சேலைன் ஏற்றி அனுப்பினார். தோலுரித்த கோழியை அவித்து, குழைந்த சோற்றில் பிசைந்து, கொஞ்சம் கொஞ்சமாகக் கொடுத்தேன். கதவைச் சாத்தியே வைத்தேன். வந்தவர்களை வாசலிலேயே நிறுத்திச் சொன்னேன். தங்கச்சி அதிரசத்தட்டோடு வந்தார்.

"என்னாண்ணே, தொரைய பாக்க பாஸ் எடுக்கணுமா?"

"ஒன்னும் குடுக்க வேணாங்கிறாரு டாக்டரு. செத்துப் போயிருமாம், தங்கச்சி."

"அப்ப எங்க கையி வெசமா?"

சிரித்தபடிதான் சொன்னார். ஆனால் தட்டை என் கையில் வைத்துவிட்டுத் திரும்பிப் பார்க்காமல் போனார். 'உள்ள வந்து உக்காருங்க' என்று சொல்ல எனக்கு வாய் வரவில்லை. நாயை விட்டால், எதைச் சொல்லி ஓர் ஆளை உள்ளே கூப்பிடுவது?

அதற்குப் பிறகு யாரும் வரவில்லை. மறுநாள் சாயங்காலம் நாய் கிண்ணத்தை வழித்து நக்கிவிட்டு, வாந்தி எடுக்காமல் தூங்கியது. அதைச் சொல்வதற்கு வீட்டில் ஆள் இல்லை.

ஆறிப்போன பிளேன்டீயோடு அதிரசத்தை நானே தின்றேன். தட்டைக் கழுவித் துடைத்தேன். வெறும் தட்டாகத் திருப்பிக் கொடுக்கக் கூடாதென்று ஒரு பிடி சீனியைப் போட்டு மூடி, செருப்பைத் தேடி மாட்டிக்கொண்டேன்.