எழுபத்திமூண்டாம் பக்கத்துத் தாள்

பழைய புத்தகக் கடையிலை நிக்கிறவனிட்டைச் சனம் கேக்கிற கேள்வி மூண்டே மூண்டுதான்: இது என்ன விலை, ரொயிலற் எங்கை, வெளியிலை மழை விட்டிட்டுதோ. கவுண்டருக்குப் பின்னாலை நிண்டு நிண்டு கால் விறைச்சுப்போன சீவன்களே, உங்களுக்கு இதை நான் விளங்கப்படுத்தத் தேவையில்லை. நாள் முழுக்க ஆக்களுக்கு நடுவிலை நிப்பம். வீட்டை போய்ச் சப்பாத்தைக் கழட்டேக்கைதான் இண்டைக்கு ஒருத்தரோடையும் கதைக்கேல்லை எண்டு தெரியவரும்.

நான் யாழ்ப்பாணத்திலை பதினொரு வருசம் சரித்திரம் படிப்பிச்சனான். நாப்பது பிள்ளையள் ஒரேயடியாய்க் கை உயத்துங்கள். "ஒவ்வொருத்தராய்க் கேளுங்கோ" எண்டு அதட்டினனான். அந்த அதட்டலுக்குத்தான் இப்ப அனுபவிக்கிறன் போலை. ஒஸ்லோவுக்கு வந்து, இரண்டாயிரமாம் ஆண்டு பிறந்த கையோடை, வேலை தேடித் தாற அரசாங்கக் கந்தோர்காரர் என்னை ஆறு மாதம் வேலை பழக எண்டு இந்தக் கடைக்கு அனுப்பிவைச்சினம். கடைக்காரி மாரித் நல்ல மனிசி, ஆறு மாதம் முடிஞ்ச பிறகும் என்னை விடேல்லை. சனிக்கிழமை வேலை, அதுக்குப் பதில் வியாழக்கிழமை லீவு. நகரக் கரையிலை, புருசெத்திலை ஒரு அறை. நான் தனி ஆள்.

என்ரை ஆசை ஒண்டே ஒண்டுதான், சிரிக்காதேங்கோ. ஆரெண்டாலும் ஒருத்தர் என்னட்டைச் சரித்திரத்திலை ஒரு கேள்வி கேக்கவேணும்.

செப்ரெம்பர் வேட்டைக்காரர்

இஞ்சை செப்ரெம்பர் கடைசி எண்டால் எல்க் வேட்டை தொடங்கியிடும். எங்கடை மரையை நாலு மடங்கு பெருப்பிச்ச மிருகம். அதுக்குப் போற ஆக்கள் போகமுந்திக் கடைக்கு வந்து கேக்கிறது ஒரு பச்சை மட்டைப் புத்தகம். இலங்கையிலை நடக்கிற யானை வேட்டைக் கதை. இங்கிலீசிலை இருந்து நோர்வே மொழிக்கு எப்பவோ வந்து, இந்த நாட்டிலை அறுபது வயது தாண்டின ஆம்பிளையள் எல்லாரும் சின்னனிலை போர்வைக்குள்ளை வைச்சு வாசிச்ச கதை. ஒரு வெள்ளைக்கார மேஜர். கண்டி மலையிலை கோப்பித் தோட்டத்தை ஒரு கொம்பன் யானை உழக்குது. மேஜர் இருபது நாள் காட்டிலை அலைஞ்சு அதைச் சுடுறார். சும்மா சொல்லக்கூடாது, நானும் ஒரே மூச்சிலை வாசிச்சனான்.

ஆனால் எழுபத்திமூண்டாம் பக்கத்திலை என்ரை மூச்சு நிண்டிட்டுது. மேஜரின்ரை இரண்டாவது வேட்டைத் துவக்கைச் சுமந்துகொண்டு வந்த ஒரு தமிழ்க் கூலியை யானை மிதிச்சுப் போடுது. அவனுக்குக் கிடைக்கிறது ஒரேயொரு வசனம், பேர்கூட இல்லை. அடுத்த வசனத்திலை மேஜர் துவக்குக்கு ஒண்டும் நடக்கேல்லையோ எண்டு பாக்கிறார். செம்மஞ்சள் தொப்பியோடை வந்த ஒரு வேட்டைக்காரர் இந்தக் கதையை எனக்குக் கை காலை ஆட்டிச் சொல்லிக்கொண்டு நிண்டவர். செத்த கூலியைப் பற்றி நான் கேட்டன். மனிசன் ஆட்டின கையை இறக்கினார்.

"நான் அந்தப் புத்தகத்தைப் பத்துத் தரம் வாசிச்சிருப்பன், அப்பிடி ஒருத்தன் செத்ததாய் எனக்கு ஞாபகமே இல்லை."

ஒரு பக்கத் தாள்

அண்டைக்குத்தான் எனக்குள்ளை இருந்த வாத்தி எழும்பினவர். அகராதியை வைச்சுக்கொண்டு, நோர்வே மொழியிலை ஒரு பக்கம் எழுதினன். கதைக்குப் பின்னாலை இருக்கிற கதை. யானை ஏன் தோட்டத்துக்கு வந்தது? அது தோட்டத்துக்கு வரேல்லை, தோட்டம்தான் அதின்ரை பாதையிலை வந்தது. உறுதிப் பத்திரம் காட்ட ஏலாத காணி எல்லாம் அரசாங்கக் காணி எண்டு வெள்ளைக்காரர் ஒரு சட்டம் போட்டு, மலைக்காட்டை ஏக்கர் ஏக்கராய் வித்தவை. விக்கிற கந்தோரிலை இருந்த துரைமாரே வாங்கியும் போட்டவை. பிறகு யானை பயிருக்குப் பீடை எண்டு சொல்லி, சுடுறவனுக்குச் சன்மானம் குடுத்தவை. யானை இருந்தாலும் ஆயிரம் பொன், இறந்தாலும் ஆயிரம் பொன் எண்டு நாங்கள் சும்மாவோ சொல்லுறம்? மேஜர் வீரத்துக்கு மட்டும் சுடேல்லை. அந்தக் கூலி ஆர்? தமிழ்நாட்டுப் பஞ்சத்துக்குத் தப்பித் தோணியேறி, மன்னார்ப் பக்கம் இறங்கி, மாத்தளை மட்டும் காட்டுக்குள்ளாலை நடந்த சனத்திலை ஒருத்தன். அந்தப் பாதையிலை காய்ச்சலிலையும் பசியிலையும் விழுந்தவை எத்தினை பேர் எண்டு சரியாய்ச் சொல்ல ஒருத்தராலும் ஏலாது.

கடைசியிலை எழுதினது: "கேள்வி இருந்தால் கடைக்கு வந்து, இதை எழுதின ஆளைக் கேளுங்கோ." பேர் போடேல்லை. வேற்று நாட்டுப் பேரைக் கண்டால் வாசிக்க முந்தியே கசக்கி எறிஞ்சுபோடுவினமோ எண்டு பயம். மாரித்துக்கும் சொல்லேல்லை, வித்த புத்தகத்துக்குள்ளை கண்ட கண்ட தாளை வைக்கிறதை அவ விரும்பமாட்டா. பக்கத்து நூலகத்திலை முப்பது பிரதி எடுத்து, அந்தப் புத்தகம் கடைக்கு வரவர எழுபத்திமூண்டாம் பக்கத்திலை ஒண்டு ஒண்டாய்ச் செருகினன். பிரதி எடுத்துத் தந்த நூலகப் பெட்டை தாளை வெளிச்சத்திலை பிடிச்சுப் பாத்தவள்.

"இவ்வளவு சின்ன எழுத்தை ஆர் குந்தியிருந்து வாசிக்கப் போயினம்?"

சமாதானம் பேசினவர்

அந்த நாளையிலை நோர்வேகாரர் எங்கடை நாட்டுக்குச் சமாதானம் பேசப் போய் வந்துகொண்டிருந்தவை. கடைக்கு வாற ஆக்கள் நான் எந்த ஊர் எண்டு அறிஞ்சால் போதும், தாங்களே விமானம் ஏறிப் போய்ப் பேசினமாதிரி நெஞ்சை நிமித்துவினம். ஒரு கோட்டுக்காரர் அரை மணித்தியாலம் எனக்கு என்ரை நாட்டைப் பற்றி விளங்கப்படுத்தினவர். நான் தலையாட்டினன். பொறு, புத்தகத்தைக் கையிலை எடுத்திட்டார், தாளைப் பாப்பார், பிறகு என்னைக் கேப்பார் எண்டு மனம் அடிச்சுக்கொண்டு நிண்டது.

புத்தகத்தை விரிச்சார். தாள் கீழை விழுந்தது. குனிஞ்சு எடுத்து, திருப்பிக்கூடப் பாக்காமல் என்ரை கையிலை மரியாதையாய்த் தந்தார்.

"ரசீது வேண்டாம், வைச்சிருங்கோ."

எங்கடை ஆக்கள்

எங்கடை சனத்தோடை கதைச்சால் என்ன எண்டு நீங்கள் கேப்பீங்கள். அதையும் செய்து பாத்தனான். ஒஸ்லோவுக்கு வெளியிலை லோறென்ஸ்கூக்கிலை ஒருத்தர் வீடு வாங்கிக் குடிபூரலுக்குக் கூப்பிட்டவர், ஊரிலை எனக்குத் தெரிஞ்சவர். சோத்துக்கோப்பையோடை பக்கத்திலை இருந்தவருக்கு நான் என்ரை தாளைப் பற்றிச் சொல்லத் தொடங்கி, மன்னாரிலை இறக்கி மாத்தளைக்குக் கிட்டக் கொண்டு வந்திட்டன். இன்னும் ரெண்டு மைல்தான் இருக்கும். வீட்டுக்காரர் வந்து தோளிலை தட்டினார்.

"மாஸ்டர், உந்தக் காட்டுக்கதையை விட்டிட்டு எழும்புங்கோ, நீங்கள் இன்னும் மேல் பாத்ரூமைப் பாக்கேல்லை."

கேள்வி வந்தது

நாலு வருசத்துக்குப் பிறகு கேள்வி வந்தது. கேட்டவர் தமிழ்நாட்டுக்காரர், கொம்பியூட்டர் வேலைக்கு வந்தவர், முப்பத்தைஞ்சு வயதிருக்கும். மட்டையிலை யானையைக் கண்டிட்டுப் புத்தகத்தை எடுத்தவர், தாள் வெளியிலை வந்தது. "நார்வீஜியன் எனக்கு வராது சார், இதுல என்ன போட்டிருக்கு?" எண்டார். நான் விடுவனோ! கவுண்டரைச் சுத்தி வெளியிலை வந்து, வரி வரியாய்த் தமிழிலை சொன்னன். மனிசன் அசையாமல் கேட்டுக்கொண்டு நிண்டார். "நான் புதுக்கோட்டை சார். எங்க குடும்பத்துல ஒருத்தர் அந்தக் காலத்துல கண்டிச் சீமைக்குப் போனவர், திரும்பி வரவேயில்ல" எண்டார். எனக்கு அழுகை வரப்பாத்தது, சந்தோசத்திலை.

என்ரை பேச்சிலையே நான் எந்த ஊர் எண்டு பிடிச்சிட்டார் போலை, பிறகுதான் கேட்டார்: "அது சரி சார், வெள்ளைக்காரனை விடுங்க. யாழ்ப்பாணத்துல நீங்க அந்தத் தோட்டத்து ஆளுங்கள எப்படி நடத்தினீங்க?"

கோப்பி குடிக்கிறீங்களோ எண்டு கேட்டன். பிஸ்கட் எடுத்து வைச்சன். காலநிலை கதைச்சன். அவர் கோப்பியைக் குடிச்சு முடிச்சு, கோப்பையைப் பத்திரமாய் வைச்சார்.

"காபி நல்லாருக்கு சார், ஆனா நான் கேட்டதுக்கு நீங்க பதில் சொல்லவே இல்லையே."

கடைசி வரி

பதில் எனக்குத் தெரியும். அதுதான் வில்லங்கம். எங்கடை பள்ளிக்கூடத்திலை மணி அடிச்சு, கூட்டித் துடைச்சு, எங்களுக்குத் தேத்தண்ணி கொண்டுவந்து தந்த ஒருத்தர் இருந்தவர். தமிழரை அடிச்ச கலவரத்துக்குள்ளை மலைத் தோட்டத்திலையிருந்து குடும்பத்தோடை ஓடி வந்தவர். அவரை நாங்கள் எல்லாரும் "தோட்டக்காட்டான்" எண்டு இளக்காரமாய்த்தான் கூப்பிட்டனாங்கள். பதினொரு வருசம் அவர் ஊத்தின தேத்தண்ணி குடிச்ச எனக்கு அவரின்ரை பேர் தெரியாது. எழுபத்திமூண்டாம் பக்கத்திலை பேர் இல்லையெண்டு மேஜரோடை சண்டை பிடிச்சவன் நான். வெக்கமாய்க் கிடந்தது. இப்பவும் வெக்கம்தான்.

ஒரு கிழமை இழுத்தடிச்சுப் போட்டு, தாளைத் திருப்பி எழுதினன். மணி அடிச்சவரைப் பற்றி அடியிலை நாலு வரி. "அவருடைய பேரை நானும் கேட்கவில்லை" எண்டு முடிச்சன். பூசி மெழுகேல்லை. நூலகத்துக்குக் கொண்டுபோனன். அதே பெட்டைதான் நிண்டவள், முழுத் தாளையும் வாசிச்சிட்டுத்தான் பிரதி எடுத்தவள்.

"இந்தமுறை வாசிக்கக்கூடியமாதிரி எழுதியிருக்கிறீங்கள்."

ட்வெய்ட்டாவிலிருந்து வந்த பெட்டியள்

போன வருசம் பனி கரையிற நேரம், ஒரு செவ்வாய்க்கிழமை, ஒரு மனிசி நாலு பெட்டி புத்தகம் கொண்டு வந்தவ. தகப்பன் செத்திட்டார், ட்வெய்ட்டாவிலை அவர் தனிய இருந்த வீட்டை வெறுமையாக்கவேணும் எண்டவ. மாரித் விலை பேசிக்கொண்டு நிக்க, நான் பெட்டியைப் பிரிச்சன். மேலையே பச்சை மட்டை. எங்கடை கடையிலை வாங்கினதுதான், உள்மட்டையிலை மாரித்தின்ரை பென்சில் விலை கிடக்கு. எழுபத்திமூண்டாம் பக்கத்தைத் திறந்தன். என்ரை தாள், கடைசி வரி சேத்த தாள். கரையெல்லாம் பென்சிலிலை நடுங்கின எழுத்து. தமிழ் வாடை அடிக்கிற என்ரை நோர்வே மொழியை அந்தச் செத்த மனிசன் ரெண்டு இடத்திலை திருத்தியும் இருந்தவர். சட்டத்துக்குப் பக்கத்திலை ஒரு கேள்வி. சன்மானத்துக்குப் பக்கத்திலை ஒரு கேள்வி. மணி அடிச்சவருக்குப் பக்கத்திலை கேள்வி இல்லை: "எங்கள் வேட்டைக் குழுவுக்கு இருபது வருடம் சாமான் சுமந்த மனிதரின் பெயர் எனக்கும் தெரியாது. இதை எழுதியவரிடம் போய்ச் சொல்லவேண்டும்."

நான் தாளை வெளிச்சத்திலை பிடிச்சுத் திரும்ப வாசிக்கிறதைக் கண்டு மகள் கிட்ட வந்தவ. தாளைப் பாத்த உடனை அவவுக்கு விளங்கியிட்டுது. "ஓ, இதுவோ! அப்பா இதுக்காக இஞ்சை மூண்டு தரம் வந்தவர், அவரைக் கூட்டிக்கொண்டு வந்து வாசலிலை விடுற ஆளுக்கு வியாழக்கிழமைதான் நேரம். 'எழுதின ஆள் எங்கை' எண்டு கேட்டவராம், இஞ்சை எழுதுற ஆள் ஒருத்தரும் இல்லை எண்டு சொன்னவையாம். தாளை வீட்டிலை புத்தகத்துக்குள்ளையே விட்டிட்டு வெறுங்கையோடை வாறவர், மறதி" எண்டவ.

வியாழக்கிழமை. மூண்டு வியாழக்கிழமையும் நான் லீவெண்டு புருசெத் அறையிலை, கதைக்க ஒருத்தரும் இல்லையெண்டு சுவரைப் பாத்துக்கொண்டு இருந்திருக்கிறன். பேரை மறைச்சவன் நான். மாரித்துக்குச் சொல்லாமல் விட்டவனும் நான். ஆரை நோக?

மாரித் தாளை வாங்கி, மேலையிருந்து அடி மட்டும் வாசிச்சா. கோவிக்கப் போறா எண்டு நினைச்சன். அவ கண்ணாடியைக் கழட்டினவ.

"ஆரோ வழி தவறி வந்த வயசானவர் எண்டு நினைச்சு, மழை விட்டிட்டுது, கவனமாய் வீட்டை போங்கோ எண்டு மூண்டு தரமும் நான்தான் கதவைத் திறந்து விட்டனான், சிவா."

இப்ப தாளின்ரை அடியிலை என்ரை முழுப் பேரும் கிடக்கு, வியாழக்கிழமையும் கடையிலைதான் நிக்கிறன், மழை விட்டிட்டுதோ எண்டு ஆராவது கேட்டால் மட்டும் வெளியிலை வெயில் எரிச்சாலும் "இல்லை, இன்னும் விடேல்லை, இருங்கோ" எண்டு சொல்லிப் பழகியிட்டன்.